ஓசையும் இசையும்

ஓசையின்றி உலகம் இல்லை. வைகறையில் சேவல் கூவுகின்றது, காகம் கரைகின்றது, வாயிலில் தெளிக்கும் நீர் மண்ணில் விழுந்து ஒலிக்கின்றது. சிறிது நேரத்தில் பால் கொணர்வாரின் மிதிவண்டி மணி கேட்கின்றது. கீரை விற்கும் மூதாட்டியின் குரல் தெருக்கோடியிலிருந்து நீண்டு வருகின்றது. கடைத்தெருவுக்குச் சென்றால் தேநீர்க் கடையில் குவளையும் கரண்டியும் மோதும் ஒலி. கொல்லன் உலைக்களத்தில் சம்மட்டியின் ஒலி. பேருந்து நிலையத்தில் ஊர்ப்பெயர்களை அடுக்கிக் கூவும் நடத்துநரின் குரல். இவை யாவும் நம் செவியில் விழுகின்றன. ஆயினும் இவற்றிற்கு நாம் செவி கொடுப்பதில்லை.

இசை என்றவுடன் நம் எண்ணம் வேறிடம் செல்கின்றது. விளக்கொளி வீசும் மேடையும், வீணையும் குழலும், பயின்ற பாடகரின் குரலுமே நம் நினைவுக்கு வருகின்றன. இசை உயர்ந்தது, அன்றாட ஓசை தாழ்ந்தது, இரண்டிற்கும் உறவில்லை என்று பலர் கருதுகின்றனர். இக்கருத்துப் பொருந்துமா? பொருந்தாது என்பதே என் துணிபு. இசைக்கு வேண்டிய பொருள் நாம் வாழும் இடத்தின் ஓசையிலேயே கிடக்கின்றது. அதனைக் கூர்ந்து கேட்டு எடுத்துக்கொண்ட மக்கள் உலகிற்குப் புதிய இசையை வழங்கினர். தம்மிடத்து ஓசையைக் கேட்க நாணுகின்றவரோ கையிலுள்ள பொருளைக் காணாது பிறர் வீட்டுப் பொருளைத் தேடி அலைகின்றனர்.

தமிழர் இவ்வுண்மையைப் பண்டே உணர்ந்திருந்தனர். தொல்காப்பியர் ஒவ்வொரு நிலத்திற்கும் உரிய கருப்பொருள்களை வகுத்துக் கூறுகின்றார். தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை ஆகியவற்றோடு அந்நிலத்துப் பறையையும் தொழிலையும் யாழையும் சேர்த்து எண்ணுகின்றார். நிலத்தில் விளையும் உணவைப் போலவே இசையும் நிலத்தில் விளைவது என்பது அவர் கருத்தாகும். பின்வந்த நூலாரும் உரையாசிரியரும் இதனை மேலும் விரித்துரைத்தனர். ஏறு தழுவும் முல்லை நிலத்திற்கு ஏறுகோட்பறை; நெல்லறுக்கும் மருத நிலத்திற்கு நெல்லரிகிணை; மீன் பிடிக்கும் நெய்தல் நிலத்திற்கு மீன்கோட்பறை. இப்பெயர்களை நோக்குங்கள். பறையின் பெயரிலேயே தொழிலின் பெயர் அமைந்துள்ளது. கடற்கரையில் பிறந்த முழக்கம் வேறு. வயல்வெளியில் பிறந்த முழக்கம் வேறு. அந்தந்த நிலத்தின் வேலையும் ஓசையும் அந்தந்த இசைக்குத் தாயாயின.

தொழில் செய்யும் கைகளே முதலில் தாளம் போட்டன எனலாம். கிணற்றடியில் ஏற்றம் இறைத்த உழவரை எண்ணிப் பாருங்கள். ஏற்றமரத்தின்மேல் ஆள் முன்னும் பின்னும் நடப்பான்; சால் கிணற்றினுள் இறங்கும்; நீரை முகந்து மேலே வரும்; கீழே நிற்பவன் அதனைச் சாய்ப்பான்; நீர் வாய்க்காலில் பாயும். மரம் முனகும் ஓசை, சால் நீரில் அமிழும் ஓசை, நீர் கொட்டும் ஓசை ஆகிய மூன்றும் மாறி மாறி வருகின்றன. இம்மூன்றும் அமைந்த ஒழுங்கே ஏற்றப்பாட்டின் நடையாயிற்று. பாட்டு களைப்பைப் போக்கியது. அதுமட்டுமன்று, இறைத்த சால்களின் எண்ணிக்கையையும் காத்தது. பாடுபவன் கணக்கனுமானான்.

உலக்கை விழும் ஓசையிலிருந்து வள்ளைப்பாட்டுப் பிறந்தது. ஊஞ்சலின் வீச்சிலிருந்து ஊசல் பிறந்தது. தூளி ஆடும் நடையே தாலாட்டின் நடை. வலை இழுப்போரும் படகு தள்ளுவோரும் பாடும் அம்பாப் பாட்டில், எல்லாரும் ஒருங்கே மூச்சை அடக்கி இழுக்கும் இடமும், மூச்சு விட்டு ஓயும் இடமும் தெளிவாகக் கேட்கும். இளங்கோவடிகள் இவற்றை இழிவாக எண்ணவில்லை. நாடுகாண் காதையில் உழவர் பாடும் ஏர்மங்கலத்தையும் முகவைப்பாட்டையும் குறிப்பிடுகின்றார். வாழ்த்துக் காதையில் வள்ளைப்பாட்டையும் ஊசல் வரியையும் பந்தாடும் மகளிரின் கந்துக வரியையும் தம் காப்பியத்திலேயே அமைத்துவிட்டார். மாணிக்கவாசகரோ சுண்ணம் இடிக்கும் பாட்டையும் ஊஞ்சற் பாட்டையும் இறைவனைப் பாடுதற்குரிய வடிவங்களாகக் கொண்டார். உரலடியில் பிறந்த பாட்டுக் கோயிலுக்குள் சென்றது. பெருமக்கள் எளிய ஓசைக்குச் செவி கொடுத்தமைக்கு வேறு சான்றும் வேண்டுமோ?

கம்பரைப் பற்றி ஒரு கதை வழங்குகின்றது. மாலை வேளையில் ஏற்றம் இறைப்பவன் ஒருவன் மூங்கில் இலையைப் பற்றி ஓரடி பாடி, வேலை முடிந்ததென்று அடுத்த அடியைப் பாடாமலே சென்றுவிட்டானாம். அவ்வடி எவ்வாறு முடியும் என்று கம்பர் இரவெல்லாம் எண்ணி, விடியலில் மீண்டும் அக்கிணற்றடிக்கே வந்து காத்திருந்தாராம். இது நடந்த நிகழ்ச்சியோ, மக்கள் படைத்த கதையோ, அதனைப் பற்றிக் கவலையில்லை. பெரும்புலவனும் கிணற்றடியில் நின்று கேட்கக் கடமைப்பட்டவன் என்று நம் மக்கள் கருதினர். இக்கதை நமக்குக் கூறும் செய்தி அதுவே.

பாட்டு மட்டுமன்று, இசைக்கருவியும் அன்றாட வாழ்விலிருந்தே வந்தது. தண்ணீர் எடுக்கும் பானையைத் தட்டிப் பார்த்தவன் அதன் வாயிலும் வயிற்றிலும் கழுத்திலும் வெவ்வேறு ஒலி எழுவதைக் கண்டான். இன்று கச்சேரி மேடையில் மிருதங்கத்தோடு சரிநிகராக அமரும் கடம் அப்பானையின் வழித்தோன்றலே. மானாமதுரையில் மண்ணைத் தேர்ந்து, பதமாகப் பிசைந்து, தட்டித் தட்டிக் கனமாக வனைந்து கடம் செய்கின்றனர். வில்லுப்பாட்டில் வில்லோடு குடமும் சேர்ந்து ஒலிக்கின்றது. பீங்கான் கிண்ணங்களில் வெவ்வேறு அளவில் நீர் நிரப்பிச் சிறு கோலால் தட்டினால் ஜலதரங்கம் ஆகின்றது. அடுக்களைக்கும் இசையரங்குக்கும் இடையே உள்ள தொலைவு நாம் நினைப்பதுபோல் அவ்வளவு பெரிதன்று.

இது தமிழ்நாட்டிற்கு மட்டும் உரிய செய்தியா? அன்று. 16-ஆம் நூற்றாண்டில் பிரான்சு நாட்டில் வாழ்ந்த கிளெமான் ஜானகான் என்னும் இசைப்புலவர், பாரிசு நகரத் தெருவணிகர் பொருள்களைக் கூவி விற்கும் குரல்களையே எடுத்து, நால்வர் சேர்ந்து பாடும் பாடலாக அமைத்தார். செருமானிய இசைப்பேரறிஞர் பீத்தோவன் நாட்டுப்புறத்தில் நடந்து பெற்ற இன்பத்தைத் தம் ஆறாம் சிம்பொனியில் வடித்தார். அது 1808-ஆம் ஆண்டில் வியன்னா நகரில் முதன்முதலாக இசைக்கப்பெற்றது. அதன் இரண்டாம் பகுதி ஓடைக்கரையைக் காட்டுவது. அப்பகுதியின் முடிவில் புல்லாங்குழல் நைட்டிங்கேல் என்னும் பறவையாகப் பாடுகின்றது. ஓபோ என்னும் கருவி காடையாக ஒலிக்கின்றது. கிளாரினெட் குயிலாகக் கூவுகின்றது.

இங்கே ஓர் ஐயம் எழலாம். பறவையின் குரலைக் குழலில் ஊதிக் காட்டுவது இசையாகுமா? பலகுரல் காட்டி நகைப்பூட்டுபவன் செய்வதும் அதுதானே? இவ்வையம் பீத்தோவனுக்கே தோன்றியிருக்க வேண்டும். தம் படைப்பு, காட்சியை அப்படியே வரைந்து காட்டுவதன்று, பெரும்பாலும் உணர்ச்சியின் வெளிப்பாடே என்று அவர் குறித்து வைத்தார். அவர் கூறியது உண்மை. பறவைகளின் குரல் சில நொடிகளே வருகின்றது. அதற்கு முன் நெடுநேரம் ஓடையின் அசைவும் மர நிழலின் அமைதியும் கேட்பவர் உள்ளத்தில் நிறைகின்றன. அந்நிறைவின்மேல் வருவதனாலேயே அக்குரல்கள் இனிக்கின்றன.

ஆகவே, ஓசை இசையாவதற்கு மூன்று வேலைகள் நடைபெற வேண்டும். முதலாவது தேர்தல், எண்ணற்ற ஓசைகளில் எது வேண்டும், எது வேண்டாம் என்று பிரித்தல். இரண்டாவது ஒழுங்கு செய்தல். எதற்குப்பின் எது, எவ்வளவு நேரம், எத்தனை முறை என்று அமைத்தல். மூன்றாவது உணர்வூட்டல், கேட்பவர் உள்ளத்தில் ஒன்றை எழுப்புதல். இம்மூன்றும் இல்லையேல் குயிலோசையும் வெறும் ஓசையே. இம்மூன்றும் இருந்தால் இரும்போசையும் இசையாகும்.

இரும்போசை இசையானதற்குப் புகைவண்டியே நல்ல சான்று. 1923-ஆம் ஆண்டில் ஆர்தர் ஓனெகர் என்னும் இசைஞர், நீராவிப் புகைவண்டியின் பெயரால் 'பசிபிக் 231' என்னும் இசையை இயற்றினார். பெரும்பாரம் மெல்ல அசைந்து, படிப்படியாக வேகம் பெற்று, பின் தளர்ந்து நிற்கும் உணர்ச்சியை நரம்புக் கருவிகளாலும் ஊதுகருவிகளாலும் எழுப்பினார். கால் நூற்றாண்டு கழிந்து, 1948-இல், பிரெஞ்சு வானொலியில் பணியாற்றிய பியர் ஷெஃபர் என்னும் பொறியாளர் இன்னும் ஓரடி முன்னே சென்றார். அவர் கருவிகளை நாடவில்லை. பாரிசு நகரத்துப் பத்தினோல் புகைவண்டி நிலையத்திற்குச் சென்று, எஞ்சின்களின் சீழ்க்கையையும் சக்கரங்களின் ஒலியையும் தட்டுகளில் பதிவு செய்தார். அப்பதிவுகளையே துண்டு துண்டாக இணைத்து இசையாக்கி வானொலியில் ஒலிபரப்பினார். ஒலியைப் பதிந்து அதனையே இசையாக்கும் இம்முயற்சி அவருக்கு முன்னரே, 1944-இல், எகிப்து நாட்டுக் கெய்ரோ நகரில் ஹலிம் எல்-தாப் என்பவரால் செய்யப்பட்டதும் ஈண்டு நினைக்கத் தக்கது. அவர் ஒரு சடங்கில் பெண்கள் பாடிய குரல்களைக் கம்பியில் பதியும் கருவியால் பதிந்து, அப்பதிவை மாற்றி அமைத்துப் புதிய இசையாக்கினார்.

ஷெஃபர் தம் வேலையின் நடுவே ஒரு பெரிய இடர்ப்பாட்டைக் கண்டார். பதிவைக் கேட்பவர் "இதோ புகைவண்டி வருகின்றது" என்று எண்ணுகின்றனர்; ஒலியைக் கேட்பதில்லை, வண்டியையே காண்கின்றனர். பொருளை மறந்து ஒலியைக் கேட்கச் செய்வது எப்படி? ஒரே துண்டை மீண்டும் மீண்டும் ஒலிக்கச் செய்தார். சிலமுறை கேட்டவுடன் வண்டி மறைந்து, அதன் நடையும் நிறமும் மட்டும் செவியில் நின்றன. மணியோசையின் தொடக்கத்தை வெட்டி எறிந்துவிட்டு எஞ்சிய பகுதியை மட்டும் ஒலிக்கச் செய்து பார்த்தார். தொடக்கத்து அடி மறைந்ததும் மணி மணியாகத் தோன்றாது ஊதுகருவிபோல் ஒலித்தது. நாம் நாள்தோறும் கேட்கும் பொருளிலும் நாம் கேளாத இனிமை மறைந்து கிடக்கின்றது என்பதை அவர் ஆய்வு மெய்ப்பித்தது.

இவர்கள் கற்றறிந்த இசைவாணர். அரிய கருவிகளும் வானொலி நிலையமும் இவர்க்குக் கிடைத்தன. இவை இல்லாதவர் என் செய்வர்? ஆப்பிரிக்காவில் கானா நாட்டுப் பல்கலைக்கழக அஞ்சலகத்தை நோக்குவோம். 1975-ஆம் ஆண்டில் ஜேம்ஸ் கோட்டிங் என்னும் அமெரிக்க இசையாராய்ச்சியாளர் அங்கே ஒரு பதிவு செய்தார். ஊழியர்கள் கடிதங்களின்மேல் கையால் அஞ்சல் முத்திரை குத்திக்கொண்டிருக்கின்றனர். மையில் ஒரு தட்டு, கடிதத்தில் ஒரு தட்டு என்று கைகள் தாளம் கூட்டுகின்றன. கத்தரிக்கோலின் ஒலி அதற்குள் புகுந்து விளையாடுகின்றது. சீழ்க்கையில் ஒரு பாட்டு மேலே மிதக்கின்றது. பாராதவர் கேட்டால் தேர்ந்த இசைக்குழு என்றே எண்ணுவர். அவர்கள் யாருக்காகவும் பாடவில்லை, வேலையையும் நிறுத்தவில்லை. வேலையே பாட்டாயிற்று. அலுப்பூட்டும் தொழிலை அவர்கள் தங்கள் ஆற்றலால் தங்களுக்கே உரிய இன்பமாக்கிக் கொண்டனர்.

அதனினும் வியத்தகு வரலாறு மேற்கிந்தியத் தீவுகளில் ஒன்றாகிய டிரினிடாட்டில் நிகழ்ந்தது. ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவரின் வழியினர் அத்தீவில் வாழ்ந்தனர். முழவு அவர்கள் உயிர். திருவிழா அவர்கள் உரிமை. 1880-களில் ஆங்கில ஆட்சியினர் தெருக்களில் முழவு கொட்டுவதைச் சட்டத்தால் கட்டுப்படுத்தினர். தோற்கருவியைத் தடுத்தால் தாளம் நின்றுவிடும் என்று அவர்கள் எண்ணினர் போலும்! மக்கள் மூங்கிலை வெட்டினர். நெட்டையும் குட்டையுமாக நறுக்கித் தரையில் இடித்து வெவ்வேறு ஒலிகளை எழுப்பினர். பின்னர், 1930-களில், கையில் கிடைத்த பிஸ்கட் தகரம், சாயப் பெட்டி, குப்பைத் தொட்டியின் மூடி ஆகியவற்றைத் தட்டிக்கொண்டு தெருவில் வந்தனர்.

தட்டிய தகரம் நசுங்கியது. நசுங்கிய இடத்தில் ஒலி மாறியது. இதனைக் கவனித்தனர் இளைஞர். ஒரு நசுங்கல் ஓர் ஒலி தருமாயின், பல நசுங்கல்கள் பல ஒலி தரும் அல்லவா? டிரினிடாட் எண்ணெய்க் கிணறுகள் மிக்க தீவு. அங்கே 55 காலன் கொள்ளும் எண்ணெய்ப் பீப்பாய்கள் எங்கும் கிடந்தன. அவற்றின் அடித்தகட்டைச் சம்மட்டியால் அடித்துக் கிண்ணம்போல் குழியச் செய்தனர், அதனைப் பல பகுதிகளாகப் பிரித்தனர், நெருப்பில் காய்ச்சினர், ஒவ்வொரு பகுதியும் ஒவ்வொரு சுரம் ஒலிக்கும்வரை மெல்ல மெல்லத் தட்டிப் பதம் செய்தனர். உலகப்போர்க் காலத்தில் திருவிழா நிறுத்தப்பட்டிருந்தது. 1945-இல் போர் முடிந்தபோது இத்தகரப் படையினர் தெருவெங்கும் முழக்கி வந்தனர்.

அக்காலத்தில் அவர்களை மதித்தவர் சிலரே. படித்தவர் காதைப் பொத்திக்கொண்டனர், காவலர் துரத்தினர், பெற்றோர் தம் பிள்ளைகள் அக்கூட்டத்தில் சேர்வதைத் தடுத்தனர். 1951-ஆம் ஆண்டில் அவ்விளைஞருட் சிலர் இலண்டன் மாநகரில் நடந்த பிரிட்டன் விழாவிற்குச் சென்று, துருப்பிடித்த பீப்பாய்களைக் காட்டி, அவற்றிலிருந்து இன்னிசையை எழுப்பினர். கேட்டவர் வியந்தனர். 1992-இல் அந்நாடு எஃகுப் பீப்பாயைத் தன் தேசிய இசைக்கருவி என அறிவித்தது. 2023-இல் ஐக்கிய நாடுகள் பொதுச்சபை ஆகஸ்டு 11-ஆம் நாளை அக்கருவிக்குரிய உலக நாளாக ஏற்றது. குப்பையில் கிடந்த தகரம் ஒரு நாட்டின் முகமாயிற்று. அத்தகரத்தின் ஒலியா மாறியது? கேட்டவர் செவியன்றோ மாறியது!

இவ்விடத்தில் நம்மை நாமே ஒரு கேள்வி கேட்டுக்கொள்ள வேண்டும். ஐந்நிலத்திற்கும் உரிய பெருமையோடு நூல்கள் எண்ணிய பறையை நாம் எவ்வாறு நடத்தினோம்? மரச்சட்டத்தில் தோலை இழுத்துக் கட்டி, நெருப்பில் காய்ச்சி, இரு கோல்களால் முழக்கும் அக்கருவியின் நடைகள் எண்ணில. ஆயினும் அதனை முழக்கியவரைப் பிறப்பால் தாழ்ந்தவர் என ஒதுக்கிய சமுதாயம், அவர் எழுப்பிய ஒலியையும் தாழ்ந்தது என ஒதுக்கியது. சாவு வீட்டில் வேண்டும். மேடையில் வேண்டா என்றது. இது செவியின் குற்றமன்று, நெஞ்சின் குற்றம். கலைஞர் பலர் நெடுங்காலம் உழைத்துப் பறையைப் பொதுமேடைக்குக் கொண்டுவந்தனர். 2025-ஆம் ஆண்டில் மதுரைப் பறையிசைக் கலைஞர் வேலு ஆசானுக்கு இந்திய அரசு பத்மஸ்ரீ விருது அறிவித்தது. ஓசையில் உயர்ந்த சாதி, தாழ்ந்த சாதி என்பதில்லை. இனிய ஓசை, இன்னா ஓசை என்பதும் பெரும்பாலும் யார் எழுப்பினார் என்பதைப் பார்த்து நாம் சொல்லும் தீர்ப்பாகவே இருக்கின்றது. இசையைப் பற்றிய நேர்மை, மனிதரைப் பற்றிய நேர்மையோடு பிணைந்தது.

"அங்ஙனமாயின் எல்லாக் கூச்சலையும் இசை என ஏற்க வேண்டுமோ? ஒலிபெருக்கியின் அலறலையும் ஊர்திகளின் ஊதலையும் போற்ற வேண்டுமோ?" என்று சிலர் வினவலாம். வேண்டுவதில்லை. அளவு மீறிய ஓசை இசைக்குப் பகை. ஏனெனில் அது பிற ஓசைகளையெல்லாம் விழுங்கிவிடுகின்றது. அலறும் ஒலிபெருக்கியின் அருகே குயிலும் இல்லை, குழலும் இல்லை, குழந்தையின் மழலையும் இல்லை. நம் நாட்டில் 2000-ஆம் ஆண்டில் வகுக்கப்பட்ட ஒலி மாசு விதிகள், குடியிருப்புப் பகுதியில் ஓசை பகலில் 55 டெசிபெலுக்கும் இரவில் 45 டெசிபெலுக்கும் மேற்படலாகாது என்கின்றன. இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை திறந்த வெளியில் ஒலிபெருக்கி வைப்பதையும் பொதுவாகத் தடுக்கின்றன. இவ்விதிகள் இசைக்கு எதிரானவை அல்ல, இசைக்குக் காவல். செவி நலமாக இருந்தால்தானே கேட்க இயலும்?

இன்னொரு கவலையும் உண்டு. ஓசைகள் மறைகின்றன. மின்விசைப் பொறி வந்தபின் ஏற்றம் ஒழிந்தது. அதனோடு ஏற்றப்பாட்டும் வயலைவிட்டு நீங்கியது. அரைவைப் பொறி வந்தபின் உலக்கைப்பாட்டு ஓய்ந்தது. உடலை முறிக்கும் உழைப்பு ஒழிந்தது நன்மையே. அதற்காக வருந்துதல் அறிவுடைமை ஆகாது. ஆயினும் உழைப்பு நீங்கியபோது அதனோடு பிறந்த பாட்டையும் நாம் போற்றாது விட்டோமே, அதற்காக வருந்தலாம். கனடா நாட்டு இசையறிஞர் மரே ஷேஃபர் இவ்விழப்பை உணர்ந்து, 1970-களில் தம் துணைவருடன் வான்கூவர் நகரின் துறைமுக ஊதல், மணி, கடலலை, தெருவொலி ஆகியவற்றைப் பதிந்து காத்தார். ஒரு நகரின் கட்டடங்களைப் போலவே அதன் ஓசைகளும் பேணத்தக்க செல்வம் என்பது அவர் கொள்கை. இசை கற்கப் புகும் மாணவர் முதலில் செவியைத் தூய்மை செய்துகொள்ள வேண்டும் என்றும் அவர் வற்புறுத்தினார்.

பழைய ஓசை போனால் புதிய ஓசை வருகின்றது என்பதையும் மறத்தலாகாது. இரவு நேரத்தில் பரோட்டாக் கடைக்கு முன் நின்று கேளுங்கள். சூடேறிய இரும்புக் கல்லின்மேல் இரண்டு தகடுகள் பரோட்டாவைக் கொத்துகின்றன. தேர்ந்த கைகள் வெறுமனே கொத்துவதில்லை. நடை மாற்றிக் கொத்துகின்றன. இடையிடையே கல்லின் ஓரத்தில் தட்டி முத்தாய்ப்பு வைக்கின்றன. தெருக்கோடியில் வருபவருக்கும் அவ்வொலி அழைப்பாகின்றது. விசைத்தறிக் கூடத்திலும், தையற்பொறியிலும், தண்டவாளத்தில் ஓடும் மின்தொடர் வண்டியிலும் இத்தகைய நடைகள் பிறந்துகொண்டே இருக்கின்றன. முன்னோர் ஏற்றத்திலிருந்து எடுத்ததை, நாம் இவற்றிலிருந்து எடுக்கலாகாதா?

இன்று கைப்பேசி உடைய எவரும் எந்த ஒலியையும் நொடியில் பதிந்துகொள்ளலாம். ஷெஃபர் பெரும்பாடுபட்டுச் செய்த வெட்டலையும் ஒட்டலையும் சிறுவரும் எளிதில் செய்யலாம். இவ்வசதியை நான் வரவேற்கிறேன். ஆயின் ஒன்றை நினைவில் கொள்ள வேண்டும். கருவி அனைத்தையும் பதியும், எதனையும் தேராது. தேர்வது செவியின் தொழில். ஆயிரம் ஒலிகளைப் பதிந்து வைத்திருப்பவன் இசைஞன் ஆகான். ஓர் ஒலியை உற்றுக் கேட்டு, அதன் நடையை உள்ளத்தில் வாங்கிக்கொண்டவனே இசைக்கு அருகில் நிற்கின்றான்.

அமெரிக்க இசைஞர் ஜான் கேஜ் 1952-ஆம் ஆண்டில் இதனை ஒரு விந்தையான முறையில் உணர்த்தினார். அவர் அமைத்த படைப்பில் பியானோக் கலைஞர் மேடையேறி அமர்ந்து, 4 நிமிடம் 33 நொடி எதனையும் வாசிக்காமல் இருந்தார். அவையினர் சிலர் சினந்தனர். ஆனால் அந்நேரத்தில் வெளியே காற்று அசைந்தது; கூரையில் மழைத்துளி விழுந்தது; அவையினரின் முணுமுணுப்பு எழுந்தது. இவற்றைக் கேட்கச் செய்வதே கேஜின் நோக்கம். அதனை இசை என ஒப்பாதவரும், கேட்கப் பழகுவதற்கு நல்ல பாடம் என ஒப்புவர்.

மாணவர்களே, நீங்களும் அப்பாடத்தைப் பயிலலாம், அதற்குப் பொருட்செலவில்லை. நாளை ஓரிடத்தில் பத்து நிமிடம் பேசாமல் அமருங்கள். பள்ளி முற்றமாயினும் சரி, சந்தையாயினும் சரி, ஆற்றங்கரையாயினும் சரி. கேட்கும் ஓசைகளையெல்லாம் எழுதுங்கள். எது விடாமல் ஒலிக்கின்றது, எது விட்டுவிட்டு வருகின்றது, எது ஒரே முறை வந்து மறைகின்றது என்று பகுத்துப் பாருங்கள். விடாது ஒலிப்பது சுருதி போன்றது. விட்டுவிட்டு வருவது தாளம் போன்றது. ஒரு முறை வந்து போவது பாட்டின் திருப்பம் போன்றது. பின்னர் தோழர் நால்வர் சேர்ந்து, கையாலும் குரலாலும் பலகையாலும் அவ்விடத்தை ஒலித்துக் காட்ட முயலுங்கள். கேட்பவர் கண்ணை மூடிக்கொண்டு "இது நம் ஊர்ச் சந்தை" என்று மகிழ்ந்து கூறுவாராயின், நீங்கள் தொடங்கிவிட்டீர்கள். "இது எந்த இடம் என்று அறியேன், ஆயினும் மீண்டும் கேட்க விரும்புகிறேன்" என்பாராயின், நீங்கள் இசையை அடைந்துவிட்டீர்கள்.

பிறநாட்டு இசையையும் பெரியோர் இசையையும் கற்றல் வேண்டும்; அதில் ஐயமில்லை. ஆனால் கற்ற இசை பிறர் தேடிய செல்வம். அதனைக் காக்கலாம், நுகரலாம். நம் தெருவும் வயலும் பட்டறையும் எழுப்பும் ஓசையிலிருந்து நாம் ஆக்கும் இசையோ நாமே ஈட்டும் செல்வம். தாம் வாழும் இடத்தின் ஓசையையும், அதனை எழுப்பும் உழைப்பாளியின் கையையும் மதிக்கக் கற்ற மக்களுக்கு அச்செல்வம் ஒருநாளும் குறைவதில்லை.